இரண்டு விரல் விட்டு

"ஓரக்கல் இல்லாம ஸ்லாப்பு நிக்காது அத்தான், நான் சொல்றதைக் கொஞ்சம்..."

"நிக்க வைக்கத்தானே உன்னைக் கூப்பிட்டேன்?"

"கூப்பிட்டீங்க. கூப்பிட்டுட்டு என் வாயை..."

"நிக்காதுன்னு சொல்றதுக்கு மேஸ்திரி எதுக்கு? அதை நானே சொல்லிப்பேனே!"

"முடிக்க விடுங்க! ரெண்டு பக்கமும் பிடிச்சுக்க ஒண்ணும் இல்லேன்னா மிதிக்க மிதிக்கக் கல்லு விலகும். இன்னிக்கு ஒரு நூல் விலகும், அடுத்த மாசம் ஒரு விரல். மழை வந்துச்சுன்னா கேக்கவே வேணாம். ஏன் அத்தான், நீங்க ஓரம் அடிக்காம யாருக்காவது சட்டை தைச்சுக் குடுத்திருக்கீங்களா?"

"என் தொழிலை இழுக்காதே."

"என் தொழிலை நீங்க இழுக்கலாம், உங்க தொழிலை நான் இழுக்கக் கூடாதா?"

"நான் எங்கடா இழுத்தேன்? ஓரக்கல் வேணாம்னேன். அவ்வளவுதான்."

"அதுக்குப் பேர்தான் இழுக்கறது!"

வீட்டின் பின்புறம், தோட்டத்தில் பாதை போடுவதற்காகச் சுவரில் சாய்த்து அடுக்கிய சிமெண்ட் ஸ்லாப்புகளுக்கு முன்னால் நின்று இருவரும் கத்திக்கொண்டிருந்தார்கள். ஒருவர் தையல்காரர். கழுத்தில் இன்ச் டேப் தொங்கியது. கடையை மூடி வீட்டோடு வந்த பிறகும் அதைக் கழற்றி வைக்க அவருக்குத் தோன்றவில்லை. மற்றவன் அவர் மனைவியின் தம்பி, மேஸ்திரி. எங்கே போனாலும் எதன்மேலாவது ரசமட்டத்தை வைத்து, கண்ணாடிக் குழாய்க்குள் குமிழி எங்கே நிற்கிறது என்று பார்ப்பான். அதனால் அவனுக்கு ரசமட்டம் என்றே பெயர் வைத்திருந்தார் தையல்காரர். ஒரு தடவை அவர்கள் வீட்டுக் கட்டிலையே மட்டம் பார்த்துவிட்டு, "தலைமாடு இறங்கியிருக்கு அத்தான், அதான் உங்களுக்குப் புத்தி இப்படி" என்று சொன்னவன்.

சமையலறை வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்த அவர் மனைவி ஏதோ சொன்னாள்.

இருவரும் சட்டென்று நிறுத்தினார்கள். அவள் பேசினால் மற்றவர்கள் வாயை மூடியே ஆக வேண்டும். குரல் அவ்வளவுதான் மிச்சம் இருந்தது.

"என்னக்கா?"

"கல்லு கேட்டுட்டிருக்குன்னேன். நீங்க கத்தற கத்தலுக்கு அது இப்பவே விலகிடும்."

மேஸ்திரி சிரித்தான். தையல்காரர் முதலில் அவள் முகத்தைப் பார்த்தார், பிறகு சிரித்தார். அவள் முகத்தில் இப்போதெல்லாம் எதுவும் வருவதில்லை. கேலி செய்தாலும், வலித்தாலும், தூங்கி எழுந்தாலும் ஒரே முகம். நோய் முதலில் கையை நடுங்க வைத்தது, அப்புறம் சிரிப்பை எடுத்துக்கொண்டது, அப்புறம் காலுக்கு வந்தது. நடுக்குவாதம் என்று டாக்டர் சொன்ன அன்று ஆஸ்பத்திரி வாசலிலேயே தம்பிக்காரன், "பாதிப் பாதியாப் பிரிச்சுக்கிட்டீங்க போலருக்கு. நடுக்கம் அக்காவுக்கு, வாதம் அத்தானுக்கு" என்றான். அன்று அவளுக்குச் சிரிக்க முடிந்தது. அதுதான் அவர் பார்த்த கடைசிப் பெரிய சிரிப்பு.

"உள்ளே வா மாப்ளே," என்றார் தையல்காரர். "ஏன் வேணாம்னு காட்டறேன். பாத்துட்டு அப்புறம் கத்து."

கூடத்துத் தரையில் குறுக்குக் கோடுகள் போட்டிருந்தன. தையல் சாக்பீஸால், ஏணிப்படி மாதிரி, இந்தச் சுவரிலிருந்து அந்தச் சுவர் வரை. ஆஸ்பத்திரியில் பயிற்சி கொடுக்கிற பெண் தரையில் கலர் டேப் ஒட்டி, "கோட்டைத் தாண்டுங்கம்மா, கோட்டைத் தாண்டுங்க" என்றபோது, வெறுந்தரையில் ஒட்டிக்கொண்டு நின்ற கால் மளமளவென்று நடந்ததை அவர் பார்த்திருந்தார். வீட்டுக்கு வந்ததும் சாக்பீஸைக் கையில் எடுத்துக்கொண்டார்.

"எழுந்திரு. தம்பிக்கு நடந்து காட்டு."

"டிக்கெட் போட்டுட்டீங்களா?" என்றாள் அவள். எழுந்தாள். கோட்டைப் பார்த்தாள், தாண்டினாள். அடுத்த கோட்டைப் பார்த்தாள், தாண்டினாள். கையைப் பிடிக்க யாரும் வேண்டியிருக்கவில்லை. கூடத்தின் அந்தக் கோடிக்குப் போய்த் திரும்பி நின்றாள்.

"அக்கா! ஜம்முனு நடக்கறியே!"

"இரு," என்றார் தையல்காரர். இரண்டு நீளத் துணி நாடாக்களை எடுத்துவந்து, கோடுகளின் இரண்டு ஓரத்திலும் நெடுக விரித்தார். பக்கத்துக்கு ஒன்று. காலில் தடுக்கக்கூடத் தடுக்காது, வெறும் துணி. "இப்ப வா பாக்கலாம்."

அவள் காலெடுத்து வைத்தாள். இரண்டு நாடாவுக்கும் நடுவே வந்ததும் நின்றாள். உடம்பு முன்னால் வந்தது, பாதம் வரவில்லை. முழங்கால் மட்டும் உதறியது. தம்பி பாய்ந்து தோளைப் பிடித்துக்கொண்டான்.

"பாத்தியா? ரெண்டு பக்கமும் ஏதாவது நெருக்கினா நின்னுடுது. வாசப்படி, சந்து, இந்த நாடா, எதுவா இருந்தாலும் சரி. இதுல நீ தோட்டத்துல ரெண்டு பக்கமும் கல்லை நட்டு வரிசை கட்டறேன்னு நிக்கறே."

 அக்காவை நாற்காலியில் உட்கார வைத்துவிட்டு அவள் காலடியிலேயே உட்கார்ந்தான்.

"எதுக்குக்கா இவ்வளவு கஷ்டம்? தோட்டத்துக்குப் போகணும்னா அத்தான் கையைப் பிடிச்சுக்கிட்டுப் போயேன். நாற்காலியைத் தூக்கிட்டுப் போய்ப் போட்டா ஆச்சு."

"தூக்கிட்டுப் போய்ப் போடறதுக்கு நான் என்ன உன் சிமெண்டு மூட்டையா?"

"அதுக்கில்லக்கா..."

"ரேடியோ இருக்காளே."

பின்பக்கச் சுவருக்கு அந்தப் புறத்து வீட்டுக்காரிக்கு ரேடியோ என்று பேர் வைத்ததும் அவள்தான். இடுப்பளவுச் சுவர். இவள் இந்தப் பக்கம், அவள் அந்தப் பக்கம். துணி உலர்த்த வந்தால் துணி உலர்ந்து முடிகிற வரைக்கும் பேச்சு ஓயாது. கால் தரையில் ஒட்ட ஆரம்பித்த பிறகு ரேடியோ தெருவைச் சுற்றிக்கொண்டு முன்வாசல் வழியாக வந்து பார்த்துவிட்டுப் போகிறாள்.

"முன்வாசல்ல வந்தா அவ நோயாளியைப் பாக்க வர்றாடா," என்றாள். "பழம் வாங்கிட்டு வர்றா. மெதுவாப் பேசறா. யாரைப் பத்தியும் ஒரு வார்த்தை தப்பாப் பேச மாட்டேங்கறா. என்னால தாங்க முடியலை. சுவத்துகிட்ட நான் போய் நின்னாத்தான் அவ என் சிநேகிதி. ஒருத்தர் கையைப் பிடிச்சுக்காம, ஒரே ஒரு தடவை போய் நிக்கணும். நின்னு, 'என்னடி விசேஷம்'னு கேக்கணும்."

மேஸ்திரி தலையைக் குனிந்துகொண்டு தரையிலிருந்த கோட்டை விரலால் தொட்டுப் பார்த்தான். பிறகு எழுந்தான்.

"சரி. ஓரக்கல் இல்லை. ஆனா ஒண்ணு சொல்லிடறேன் அத்தான், அப்புறம் என்னைத் திட்டக் கூடாது. ஓரக்கல் வச்சா ஸ்லாப்பை மணல்மேல சும்மா உக்கார வைக்கலாம். நாளைக்கே இடைவெளி சரியில்லேன்னாத் தூக்கலாம், நகத்தலாம், மாத்தலாம். ஓரக்கல் இல்லேன்னா அப்படி முடியாது. பாதையை விட ஒரு ஜாண் அகலமாத் தோண்டி, ஜல்லி போட்டுத் திமிசு அடிச்சு, சாந்துமேல ஒவ்வொரு கல்லையும் ஒட்டணும். ரெண்டு பக்கமும் மண்ணுக்கு அடியில கான்கிரீட்டால தோள் மாதிரி அணைச்சு விடணும். மேல மண்ணைப் போட்டுப் புல்லு வந்துட்டா கண்ணுக்குத் தெரியாது. கல்லு விலகாது. ஆனா அளவு மாறினா..."

"மாறினா?"

"கடப்பாறைதான். உடைச்சாத்தான் வரும்."

"அளவைப் பத்தி நீ எனக்குச் சொல்றியா?" என்றார் தையல்காரர்.

அவர் பள்ளிச் சீருடை தைத்தவர். அவர்களுக்குப் பிள்ளை இல்லை. ஆனால் அந்தத் தெருவில் பாதிப் பேர் அவர் தைத்த கால்சட்டையில் வளர்ந்தவர்கள்தான். அளவு கொடுக்கப் பிள்ளையை அழைத்துவரும் ஒவ்வொரு தாயும் ஒரே வார்த்தையைச் சொல்வாள்: "வளர்ற பிள்ளை, விட்டுத் தைங்க." அவரும் இரண்டு விரல் விட்டு மடித்து உள்ளே தைத்து வைப்பார். அடுத்த வருஷம் பிரித்து இறக்கிக்கொள்ளலாம்.

மறுநாள் காலை, மாத்திரை வேலை செய்ய ஆரம்பித்து அவள் நன்றாக நடக்கும் நேரமாகப் பார்த்து அளவெடுத்தார். சாக்பீஸை எடுத்துக்கொண்டு பின்னாலேயே குந்திக் குந்திப் போனார். குதிகால் விழுந்த இடத்திலெல்லாம் ஒரு கீற்று.

"கல்யாணத்துக்கு முன்னாடி கூட என்னை இப்படிச் சுத்திச் சுத்தி வரலை நீங்க."

"பேசாம நட. பேசினா அளவு மாறும்."

"கல்யாணத்துக்கு அப்புறமும் இதையேதான் சொன்னீங்க."

ஒரு அடிக்கும் அடுத்த அடிக்கும் நடுவே டேப்பை வைத்துப் பார்த்தார். எல்லாம் கிட்டத்தட்ட ஒரே நீளம். திருப்தியாக இருந்தது. தையல் மெஷின் பக்கத்தில் போய், வெள்ளை நாடாத் துணி ஒன்றை எடுத்து அந்த நீளத்துக்கு விரித்துக் கத்திரியை எடுத்தார். வெட்ட வேண்டிய இடத்தில் இடது கை தானாக வந்து இரண்டு விரலை வைத்தது.

அவர் அந்த விரல்களைப் பார்த்தார். எடுத்துவிடலாம்தான். டாக்டர் மாத்திரையை மாற்றியிருந்தார். புது மாத்திரைக்கு இவ்வளவு நடக்கிறாள் என்றால், பழகப் பழகக் கூடத்தானே செய்யும்? சரியாக வெட்டிக் கொடுத்து, அடுத்த மாதம் அவள் நன்றாக வீசி நடக்கும்போது பாதை சின்னதாகப் போய்விட்டால்? கல்லைப் பிரித்து இறக்க முடியாதே.

விரலுக்கு அந்தப் பக்கமாக வெட்டினார்.

"இந்தா மாப்ளே. ஒவ்வொரு ஸ்லாப்பும் இந்த நீளம். ஒரு கல்லுக்கு அவ ஒரு எட்டு. சேர்ற இடத்துல கறுப்புக் கலவை அடைச்சு விடு, கோடு அவ கண்ணுக்குப் பளிச்சுனு தெரியணும்."

மேஸ்திரி நாடாவைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டான்.

வேலை நடந்தது. மண்ணைத் தோண்டி, ஜல்லி கொட்டி, திமிசுக் கட்டையால் அவன் ஓங்கி ஓங்கி அடித்தபோது சமையலறைத் தட்டில் டம்ளர்கள் குதித்தன. அவள் நாற்காலியில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டே இருந்தாள். சுவருக்கு மேலே ரேடியோவின் தலை தெரிந்தது.

"என்ன மேஸ்திரி, கிணறு வெட்டறியா?"

"உங்க அலைவரிசைக்கு ரோடு போடறேன்க்கா."

"ஏன் ஓரத்துல ஒண்ணுமே காணோம்? எங்க வீட்டுல போட்டப்போ வரிசையாச் செங்கல்லு சாய்ச்சு வச்சு எவ்வளவு அழகா இருந்துச்சு. இது என்னவோ தைச்சு முடிக்காத துணி மாதிரி இருக்கு."

"தையல்காரர் வீடு, அப்படித்தான் இருக்கும்."

அவள் நாற்காலியிலிருந்து ஏதோ சொன்னாள். அவ்வளவு தூரத்துக்கு அது போகாது. ரேடியோ காதில் கை வைத்து, "என்னடி? கேக்கலை!" என்று கத்தினாள். அவள் திரும்பச் சொன்னாள். ரேடியோ சும்மா தலையை ஆட்டினாள், கேட்டுவிட்ட மாதிரி. கேட்கவில்லை என்று இரண்டு பேருக்கும் தெரிந்தது.

கல் அறுக்கும் மெஷினில் ஸ்லாப்புகளை அந்த அளவுக்கு நறுக்கி முடித்து, சாந்து குழைத்து, முதல் ஸ்லாப்பை வைக்கும் முன் மேஸ்திரி கை கழுவித் தண்ணீர் குடிக்கக் கூடத்துக்கு வந்தான். தரையில் சாக்பீஸ் கோடுகள், அக்காவின் அடி அளவுக்குப் போட்டவை. ஒரு யோசனையும் இல்லாமல்தான் பையிலிருந்த நாடாவை எடுத்து இரண்டு கோட்டுக்கு நடுவே வைத்தான். வைத்தவன் குனிந்தபடியே இருந்தான்.

"அத்தான். இங்க வாங்க."

"என்ன?"

"மெதுவாப் பேசுங்க. இது நீளமா இருக்கு."

"இருக்கும்."

"இருக்கும்னா? ரெண்டு விரல் கூட இருக்கு."

"விட்டு வெட்டியிருக்கேன்."

"எதுக்கு?"

"எதுக்குன்னா... விட்டுத்தான் வெட்டணும்."

"அக்கா என்ன ஸ்கூலுக்கா போறா?"

"புது மாத்திரை மாப்ளே. இப்பத்தானே ஆரம்பிச்சிருக்கு. நாளாக நாளாக இன்னும்..."

"அத்தான், டாக்டர் சொல்றப்போ நானும் பக்கத்துலதான் நின்னேன். 'இப்ப இருக்கறதைக் காப்பாத்திக்கப் பாப்போம்'னார். கூடும்னு சொல்லலை."

"குறையும்னும் சொல்லலையே!"

"சொல்லலை." மேஸ்திரி நாடாவைச் சுருட்டினான். "நான் கேட்டேன். அவர் பேனா மூடியைத் தேடிட்டிருந்தார்."

தையல்காரர் கழுத்து டேப்பின் இரண்டு நுனியையும் பிடித்துக்கொண்டு நின்றார்.

"இன்னும் ஒரு கல்லுகூட வைக்கலை அத்தான். எல்லாத்தையும் ரெண்டு விரல் நறுக்கிடறேன். ஒரு மணி நேரம் கூட ஆகாது."

"வேணாம்."

"நான் சொல்றதைக் கேளுங்க."

"அவ நல்லாகக் கூடாதாடா?"

"ஐயோ, நான் எங்க அப்படிச் சொன்னேன்?"

"உன் கூடப் பொறந்தவதானே? நல்லா ஆவான்னு ஒரு ரெண்டு விரல் அளவுக்குக்கூட உனக்கு நம்பிக்கை இல்லையா?"

மேஸ்திரி வாசல் பக்கம் பார்த்தான். வெளியே குழைத்து வைத்த சாந்து வெயிலில் இறுக ஆரம்பித்திருந்தது. நாற்காலியில் முதுகு காட்டி உட்கார்ந்திருந்தாள் அக்கா. சின்ன வயதில் அவனைத் தெருமுனை வரைக்கும் துரத்திக்கொண்டு வந்து அடிப்பாள். ஓடித் தப்பித்தது கிடையாது. அவ்வளவு நீளமாகக் கால் வைப்பாள்.

அவன் வெளியே போனான். சாந்தைப் பரப்பினான். முதல் கல்லைத் தூக்கி வைத்து ரப்பர் சுத்தியலால் தட்டினான். ரசமட்டத்தை வைத்துப் பார்த்தான். அப்புறம் இரண்டாவது கல். கல் கல்லாகச் சுவர் வரைக்கும் போனான். பிறகு திரும்பி வந்து, இரண்டு பக்கமும் பள்ளத்தில் கான்கிரீட்டை இறக்கி, கரண்டியின் முதுகால் சரித்து அணைத்துக்கொண்டே போனான். மேலே மண்ணைத் தள்ளி மூடியதும் பாதை புல்லுக்கு நடுவில் சும்மா கிடந்தது. எதுவும் பிடித்துக்கொண்டிருப்பதாகத் தெரியவில்லை.

"நல்லா இருக்குடா," என்றாள் அக்கா.

"இறுகற வரைக்கும் யாரும் மிதிக்கக் கூடாதுக்கா. பூனைகூட."

"பூனைகிட்ட ஓரக்கல் வேணுமான்னு கேட்டியா?"

அவன் சிரிப்பது போல் ஏதோ செய்துவிட்டு, மண்வெட்டியைக் கழுவப் போனான்.

பாதை இறுகிக்கொண்டிருந்த நாட்களில் கூடத்தில் ஒன்று நடந்தது. தரை பெருக்கினால் கோடு அழியும். அதனால் தினமும் காலையில் தையல்காரர் புதுக்கோடு போடுவார். ஒரு நாள் அவள் குதிகால் கோட்டுக்கு இந்தப் பக்கமே விழுந்தது. மறுநாளும் விழுந்தது. தாண்ட வேண்டியவள் கோட்டை மிதித்தாள். மிதித்ததும் அடுத்த கால் தயங்கியது. மாத்திரை போட்டால் வந்துகொண்டிருந்த நல்ல நேரம், வந்த வேகத்தில் போக ஆரம்பித்தது.

 அடுத்த நாள் கோடுகளை ஒரு விரல் நெருக்கிப் போட்டார். அவள் நடந்தாள். இரண்டு நாள் கழித்து இன்னும் கொஞ்சம் நெருக்கினார்.

"கோடெல்லாம் கிட்டக் கிட்ட வருதே," என்றாள்.

"சாக்பீஸ் தேஞ்சு போச்சு. பிடிக்க வரலை. கை ஒரு பக்கமா இழுக்குது."

"ம்."

"நாளைக்குப் புதுசு வாங்கிட்டு வர்றேன்."

"வாங்கிட்டு வாங்க."

அன்று மாலை அவர் தோட்டத்துக்குப் போய், குந்தி உட்கார்ந்து, முதல் ஸ்லாப்பின் விளிம்பில் கட்டைவிரலை வைத்து அழுத்தினார். அசைகிறதா என்று பார்த்தார். மண்ணை விரலால் விலக்கி, அடியில் இருந்த கான்கிரீட்டைச் சுரண்டினார். நகம்தான் உடைந்தது. மைத்துனன் வேலையில் குறை சொல்லவே முடியாது. மண்ணைத் தள்ளி மூடிவிட்டு வந்தார்.

மேஸ்திரி "இனிமே மிதிக்கலாம்" என்று சொன்ன அன்று, காலை மாத்திரைக்குப் பிறகு அவள் தலைவாரிக்கொண்டாள். வெளியே போகும்போது போடும் செருப்பைக் கேட்டாள். தம்பி வாசலில் நின்றான். சுவருக்கு அந்தப் பக்கம் ரேடியோ எப்போது வந்து நின்றாளோ, இரண்டு முழங்கையையும் சுவர்மேல் ஊன்றிக்கொண்டு நின்றாள்.

"என்னடி, வர்றியா? எவ்வளவு நேரம் நிப்பேன்? அடுப்புல பால் இருக்கு."

"பொங்கட்டும்," என்றாள் அவள். அது சுவர் வரைக்கும் கேட்டிருக்காது.

"நான் பக்கத்துல வர்றேன்," என்றார் தையல்காரர்.

"புல்லு மேல வாங்க. கல்லு எனக்கு."

கணவர் புல்லில் இறங்கி நின்றார். அவள் வாசல் நிலையைப் பிடித்துக்கொண்டு, சற்றுத் தயங்கிப் படியைத் தாண்டி முதல் ஸ்லாப்பில் கால் வைத்தாள். இரண்டு பக்கமும் திறந்து கிடந்தது. நெருக்க ஒன்றும் இல்லை. அவர் சொன்னது சரிதான், கால் ஒட்டவில்லை. கறுப்புக் கோட்டைப் பார்த்தாள். முதல் அடி எட்டியது. கோட்டைத் தாண்டிக் குதிகால் இறங்கியதும் மேஸ்திரி, "அக்கா!" என்றான், அடக்க முடியாமல்.

இரண்டாவது அடி கோட்டுக்கு முன்னாலேயே விழுந்தது.

அவள் அடுத்த காலைக் கொண்டுவந்து சேர்த்தாள். திரும்ப எடுத்து வைத்தாள். இந்த முறை இன்னும் குறைவு. பிறகு கால்கள் சின்னச் சின்னதாக, அவசரமாக, ஒரே இடத்தில் அடித்துக்கொண்டன. உடம்பு முன்னால் சாய்ந்தது. அவர் கை நீட்டுவதற்குள் அவளாகவே நிமிர்ந்து நின்றுவிட்டாள். கல்லின் நட்ட நடுவில். செருப்பின் நுனிக்கும் கறுப்புக் கோட்டுக்கும் இடையே வெறும் சிமெண்ட் கிடந்தது.

"வாடி, இன்னும் கொஞ்சம்தான்," என்றாள் ரேடியோ. அவள் குரல் முன்வாசல் வழியாக வருகிறபோது பேசும் குரலாக மாறிவிட்டது. "மெதுவா வா. அவசரமே இல்லை. மெதுவா."

ரேடியோ முழங்கைகளைச் சுவரிலிருந்து எடுத்துக்கொண்டாள்.

மேஸ்திரி ஓடிவரப் பார்த்தான். அவள் ஒரு விரலைத் தூக்கினாள், வேண்டாம் என்று. அந்த விரல் நடுங்கியது. குனிந்து கோட்டைப் பார்த்தாள். பிறகு அதற்கடுத்த கோட்டை, அதற்கடுத்ததை, சுவர் வரைக்கும் ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டே போனாள். எல்லாம் ஒரே இடைவெளி. நூல் பிடித்த மாதிரி.

"பிடிச்சுக்கோ," என்றார் தையல்காரர், கையை நீட்டி.

அவள் அந்தக் கையைப் பிடிக்கவில்லை.

"கூடத்துல கோடு நெருங்கினது சாக்பீஸாலயா?"

அவர் கண் புல்லுக்கு இறங்கியது.

"இது நான் நடந்து காட்டின அன்னிக்கு எடுத்த அளவுதானே?"

"ஆமா."

"அன்னிக்கு நான் இவ்வளவு தூரம் கால் வைக்கலையே. எனக்குத் தெரியுமே என் காலு."

மேஸ்திரி கையைச் சட்டைப் பைக்குள் விட்டு அந்த நாடாவைக் கசக்கிப் பிடித்துக்கொண்டான். தையல்காரரின் நீட்டிய கை அப்படியே இருந்தது. அவர் அவள் முகத்தைப் பார்த்தார். கேலியா, கோபமா, அழுகையா, ஏதாவது ஒன்று தெரியாதா என்று பார்த்தார். எப்போதும் போல அதில் ஒன்றும் இல்லை. கண் மட்டும் அவருடைய இடது கை விரல்களின்மேல் வந்து நின்றது.

"விட்டு வெட்டினீங்களா?"

சுவருக்கு அந்தப் புறம் எங்கேயோ பால் பொங்கி அடுப்பில் வழிகிற வாசனை வந்தது. 

அவள் குரலை இன்னும் கொஞ்சம் கஷ்டப்பட்டு மேலே கொண்டுவந்தாள், அவருக்குக் கேட்க வேண்டும் என்று.

"நான் இன்னும் வளருவேன்னா நெனச்சீங்க?"